படிகத்திடம் யாராவது கேட்டார்களா?

மூன்று வருடமாக ஒரு மாயக்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் மந்திரவாதிகள் காலத்தை நிறுத்தவும் பின்னுக்கு இழுக்கவும் பாடும் படிகங்களைப் பயன்படுத்துவார்கள், அந்தப் படிகங்களுக்கு உயிரும் அறிவும் உண்டு. முதல் வடிவத்தைப் படித்த தோழி ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "அறிவு இருக்குன்னு சொல்ற, ஆனா பாட வைக்கிறதுக்கு முன்னாடி ஒருத்தர்கூட அதுகிட்ட கேட்கலையே?"

என்னிடம் பதில் இல்லை. கதை முழுக்கப் பையிலிருந்து எடுப்பார்கள், பாட வைப்பார்கள், திரும்பப் பைக்குள் போடுவார்கள். ஒரு படிகம்கூட எங்கேயும் "மாட்டேன்" என்று சொல்லவில்லை. வெறும் பேட்டரிக்குக் குரல் கொடுத்து உயிர் என்று பெயர் வைத்திருக்கிறேன் என்பது அன்றைக்குத்தான் உறைத்தது.

அப்புறம் செய்த முதல் வேலை, ஓடாமல் கிடந்த சுவர்க் கடிகாரம் ஒன்றைப் பிரித்ததுதான். உள்ளே சின்ன சர்க்யூட் பலகையில், முடி போல இரண்டு கம்பிக் கால்களோடு, வெள்ளி நிறத்தில் ஒரு குட்டி உருளை இருந்தது. அந்த உறைக்குள்தான் குவார்ட்ஸ் படிகம் இருக்கும், அதுவும் பெரும்பாலும் இசைக்கவை வடிவத்தில் வெட்டியிருப்பார்கள். குவார்ட்ஸை அழுத்தினால் மின்சாரம் பிறக்கும், மின்சாரம் கொடுத்தால் அது அதிரும். முதல் பாதியை 1880இல் கியூரி சகோதரர்கள் கண்டுபிடித்தார்கள், 1927இல் முதல் குவார்ட்ஸ் கடிகாரமே வந்துவிட்டது. கைக்கடிகாரப் படிகம் நொடிக்கு 32,768 முறை அதிர்கிறது. நம் காதுக்கு ஏறத்தாழ 20,000க்கு மேல் எட்டாது, அதனால் மணிக்கட்டில் கட்டியிருந்தாலும் அந்தப் பாட்டு நமக்குக் கேட்பதில்லை.

அது என்ன 32,768 என்று பார்த்தால், அதை 15 முறை பாதியாக்கினால் சரியாக 1 வருகிறது. கடிகாரத்துக்குள் இருக்கும் சில்லு இதைத்தான் செய்கிறது, பாதி, பாதியில் பாதி என்று குறைத்துக்கொண்டே வந்து கடைசியில் நொடிக்கு ஒரு துடிப்பை வெளியே விடுகிறது. இதைப் புரிந்துகொண்ட இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை. என் கதையில் இப்போது 15 கேட்போர் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். முதல் ஆள் படிகத்தில் நெற்றியை வைத்துக் கேட்பாள், இரண்டு துடிப்புக்கு ஒன்றாக அடுத்தவள் தோளில் தட்டுவாள், அவள் அடுத்தவளுக்கு. பதினைந்தாவது ஆளின் கையிலிருந்து நொடிக்கு ஒரு தட்டு மட்டும் வெளியே வரும். படிகம் பேசுவது மனிதருக்குப் புரிய அந்த ஒரு வழிதான்.

இன்னொரு விஷயம் எனக்கு இன்னும் முக்கியமாகப் பட்டது. அந்தக் கடிகாரப் படிகங்கள் ஏறத்தாழ 25 டிகிரியில் நன்றாக ஓடுகிற மாதிரி வெட்டப்பட்டவை. சூடானாலும் மெதுவாகும், குளிர்ந்தாலும் மெதுவாகும். எந்தப் பக்கம் வாட்டினாலும் மெதுவாவது மட்டும்தான் நடக்கும். இதை அப்படியே மந்திரத்தின் விதியாக வைத்துவிட்டேன். படிகத்தைச் சித்திரவதை செய்தால் காலம் மெதுவாகும், அவ்வளவுதான் கிடைக்கும், அதனால்தான் என் அரசனின் ஆட்கள் படிகங்களை நெருப்பிலும் பனியிலும் மாற்றி மாற்றிப் போடுகிறார்கள். காலத்தைப் பின்னுக்குத் திருப்ப வேண்டுமானால் படிகம் தானாக மனசு வைத்துப் பாட வேண்டும். வற்புறுத்தலுக்கு ஓர் எல்லை வந்துவிட்டது, அந்த எல்லைக்கு அப்பால்தான் கதையே தொடங்குகிறது. (இயற்பியலில் 'காலப் படிகம்' என்று ஒன்று உண்டு, 2012இல் ஃபிராங்க் வில்செக் முன்வைத்த கருத்து. பெயர் பிடித்திருந்தாலும் அது வேறு சங்கதி, என் கதைக்கு எடுத்துக்கொள்ளவில்லை.)

சரி, மனசு வைத்துப் பாடினால் படிகத்துக்கு என்ன நஷ்டம்? இதற்கும் ஒரு கல்தான் வழி காட்டியது. சில குவார்ட்ஸ் படிகங்களுக்குள் இன்னொரு சின்னப் படிகத்தின் உருவம் நிழலாகத் தெரியும். வளர்ச்சி நின்றிருந்த நேரத்தில் வேறு கனிமத் துகள்கள் மேலே படிந்து, பிறகு அதையும் மூடிக்கொண்டு வளர்ந்ததால் வரும் தடம் அது. தன் பழைய வடிவத்தைத் தனக்குள்ளேயே வைத்திருக்கும் உயிர் எப்படி இருக்கும்! என் படிகங்களுக்கு ஞாபகம் அடுக்கடுக்காகத்தான் இருக்கிறது. காலம் ஒரு நாள் பின்னே போனால், அந்த ஒரு நாளின் அடுக்கு உதிர்ந்து தூளாகிவிடும்.

இப்போது எழுதும் அத்தியாயத்தில் ஒருத்திக்குத் தன் தம்பி ஆற்றில் போன நாளுக்குத் திரும்ப வேண்டும். அது நடந்து பல மாதம் ஆகிவிட்டது. அந்த மாதங்களில்தான் அந்தப் படிகம் அவளிடம் வந்தது, அவள் தாலாட்டைக் கேட்டுப் பழகியது. முதல் தடவையாக ஒருத்தி படிகத்திடம் கேட்கிறாள், "பாடுவாயா?" 15 பேர் வழியாகப் பதில் நொடிக்கு ஓர் எழுத்தாக வருகிறது, அவள் புழுதியில் விரலால் எழுதிக்கொண்டே போகிறாள். "அப்போது உன்னை எனக்குத் தெரியாது. பரவாயில்லையா?" மொத்தம் 23 எழுத்து, 23 நொடி. இந்த வாரம் முழுக்க அந்த 23 நொடியைத்தான் எழுதிக்கொண்டிருக்கிறேன், 'தெரியா' வரை வந்திருக்கிறது.