தூசி

பொதோசியிலிருந்து திரும்பிப் பத்து நாளாகிறது. அந்த இருமல் இன்னும் காதில் கேட்கிறது.

பொலிவியாவில், கடல்மட்டத்திலிருந்து 4,000 மீட்டர் உயரத்தில் இருக்கிற ஊர். நாலு படி ஏறினாலே மூச்சு வாங்கும். ஊருக்குப் பின்னால் நிற்கிறது செரோ ரிக்கோ மலை. 1545-இல் ஸ்பானியர்கள் அங்கே வெள்ளி தோண்ட ஆரம்பித்தார்கள். மித்தா என்ற கட்டாய வேலைமுறையில் பழங்குடி ஆண்களை ஊர் ஊராகப் பிடித்துவந்து உள்ளே இறக்கினார்கள். இன்றும் கூட்டுறவுக் குழுக்கள் அதே மலையைக் குடைகின்றன. வெள்ளியோடு துத்தநாகமும் ஈயமும் வருகின்றன.

என்னைக் கூட்டிப்போனவர் முன்னாள் சுரங்கத் தொழிலாளி. நுழையும் முன் கோகா இலையும் டைனமைட்டும் வாங்கிக்கொள்ளச் சொன்னார், உள்ளே இருப்பவர்களுக்குக் கொடுக்க. வெடிமருந்தைக்கூட அவர்கள் கைக்காசு போட்டுத்தான் வாங்க வேண்டும். அதைக் கேட்டதும் வயிறு எரிந்தது.

உள்ளே குனிந்தே நடை. தள்ளுவண்டி வரும் சத்தம் கேட்டால் சுவரோடு ஒட்டிக்கொள்ள வேண்டும், தாது ஏற்றிய வண்டியைச் சட்டென்று நிறுத்த முடியாது. ஒரு திருப்பத்தில் கொம்பு வைத்த களிமண் சிலை, வாயில் சிகரெட். ‘தியோ’ என்கிறார்கள், மாமா என்று அர்த்தம். மலைக்குள் இருக்கும் எல்லாம் அவருக்குச் சொந்தமாம். இலையும் சாராயமும் படைத்துவிட்டுத்தான் வேலையில் இறங்குகிறார்கள்.

அங்கே யாரும் சாப்பிடுவதில்லை. கன்னத்தில் எலுமிச்சம்பழ அளவுக்குக் கோகா இலையை அதக்கிக்கொள்கிறார்கள். பசி தெரியாது. இலையில் சாரம் இறங்கிவிட்டால் ஓய்வு நேரம் வந்துவிட்டது என்று கணக்கு.

“மலை இடிஞ்சு விழுந்துடும்னு பயமில்லையா?” என்று கூட்டிப்போனவரைக் கேட்டேன். 2011-இல் அதன் உச்சியில் ஒரு பகுதியே உள்வாங்கியிருக்கிறது.

“இடிஞ்சா ஒரே நாள்ல முடிஞ்சிடும். தூசி அப்படி இல்ல” என்றார்.

பாறையைத் துளைக்கும்போது பறக்கும் சிலிக்காத் தூள் நுரையீரலில் தங்கித் தழும்பாகிறது. தழும்பான இடத்தில் காற்று ஏறாது. சிலிக்கோசிஸ். குணப்படுத்த மருந்தில்லை. தண்ணீர் பாய்ச்சிக்கொண்டே துளைத்தால் தூசி வெகுவாக அடங்கும். நான் பார்த்த இடத்தில் தண்ணீர்க் குழாயே இல்லை. ஒருவர் வாயில் துணியைக் கட்டிக்கொண்டு உளியடித்துக்கொண்டிருந்தார். இமைமயிரெல்லாம் சாம்பல் நிறம்.

வெளியே வந்ததும் என்னைக் கூட்டிப்போனவருக்கு இருமல் வந்தது. முதலில் சின்னதாக இரண்டு. அப்புறம் சுவரைப் பிடித்துக்கொண்டு ஒன்று, நீளமாக. சுரங்கத்தில் கல்லுடைத்த என் தாத்தாவும் திண்ணைத் தூணைப் பிடித்துக்கொண்டு இப்படித்தான் இருமுவார்.