பழைய லைட்ரூமில் புதிய கேமராவின் படங்கள்

நான் இன்றும் பயன்படுத்துவது அடோபி நிறுவனத்தின் படத்திருத்த மென்பொருளான லைட்ரூம் 6. 2015-இல் வெளிவந்தது, சந்தா கட்டாமல், ஒரே முறை விலை கொடுத்து வாங்க முடிந்த கடைசிப் பதிப்பு. 2017 டிசம்பரில் வந்த 6.14-உடன் அதற்கான புதுப்பிப்புகள் நின்றுவிட்டன. அதற்குப் பிறகு வந்த கேமராக்களின் ரா கோப்புகளை, அதாவது கேமரா பதப்படுத்தாமல் அப்படியே பதிவு செய்யும் படங்களை, அது திறக்காது. சென்ற மாதம் கேமராவை மாற்றினேன். ஆனால் பல ஆண்டுத் திருத்தங்கள் சேர்ந்திருக்கும் கேட்டலாகை, அதாவது லைட்ரூமின் பதிவேட்டை, விட்டுப் போக மனம் வரவில்லை.

ரா கோப்புகளை டிஎன்ஜி என்ற பொது வடிவத்துக்கு மாற்றும் அடோபியின் இலவச டிஎன்ஜி கன்வெர்ட்டரில், பொருந்தும் பதிப்பாக ‘கேமரா ரா 7.1’ என்பதைத் தேர்ந்தெடுத்து 40 படங்களை மாற்றினேன். எல்லாமே திறந்தன! நிறம்தான் திருப்தி தரவில்லை. நிறங்களை எப்படிக் காட்டுவது என்று சொல்லும் சுயவிவரங்களின் பட்டியலில் கோப்புக்குள்ளேயே பொதிந்து வந்த ஒன்று மட்டும் இருந்தது. அதில் முகங்கள் சற்று மஞ்சளாகத் தெரிந்தன. 24 கட்ட வண்ண அட்டையை வெயிலில் வைத்துப் படமெடுத்து, டிஎன்ஜி புரொஃபைல் எடிட்டரில் சொந்தமாக ஒரு சுயவிவரம் உருவாக்கினேன். லைட்ரூமை மூடித் திறந்ததும் பட்டியலில் அது வந்துவிட்டது. தோல் நிறம் இப்போது நேரில் பார்த்தபடியே இருக்கிறது.

மூல ரா கோப்புகளை நான் அழிப்பதில்லை. கேமரா நிறுவனத்தின் மென்பொருள் அவற்றைத்தான் திறக்கும், டிஎன்ஜியை அல்ல. வட்டில் இடம் இரட்டிப்பாகிறது, பரவாயில்லை.

இந்த வேலையின் நடுவே 2011-இல் எடுத்த ஒரு படம் கண்ணில் பட்டது. வெள்ளைத் திரை தொங்கும் ஜன்னலோரம் ஒரு முதியவர். அது இன்னும் 2010 செயல்முறையில், அதாவது திருத்தங்களைக் கணக்கிடும் லைட்ரூமின் பழைய முறையில், இருந்தது. அந்தச் செயல்முறையில் வெளுத்த பகுதிகளை மீட்க ரெகவரி, நிழலை வெளிச்சமாக்க ஃபில் லைட் என்று ஸ்லைடர்கள் இருந்தன. 2012 செயல்முறையில் அவற்றின் வேலையை ஹைலைட்ஸும் ஷேடோஸும் எடுத்துக்கொண்டன. கோப்பை நகலெடுக்காமல் திருத்தங்களை மட்டும் தனியே வைக்கும் விர்ச்சுவல் காப்பி ஒன்று எடுத்து அதை மட்டும் 2012-க்கு மாற்றிப் பார்த்தேன். வெளுத்துக் கிடந்த திரையில் நெசவின் குறுக்கிழைகள் தெரிந்தன. அந்தக் கணத்தில் உண்மையிலேயே மகிழ்ந்து போனேன். ஆனால் முகத்தில் சுருக்கங்கள் கடினமாகிவிட்டன. புதிய செயல்முறையில், நடுத்தர ஒளிப் பகுதிகளின் மாறுபாட்டைக் கூட்டும் கிளாரிட்டி ஸ்லைடர் அதிக வலுவோடு வேலை செய்கிறது; பழைய அளவையே வைத்தால் இப்படித்தான் ஆகும். அதைப் பாதியாகக் குறைத்தேன். ஜன்னல் சட்டத்தின் ஓரத்தில் மெல்லிய ஒளிவட்டம் படிந்திருந்தது. ஷேடோஸைச் சற்று இறக்கியதும் அடங்கியது.

அப்படியும் அந்த முகத்துக்குப் பழைய செயல்முறையின் மென்மைதான் பொருத்தம் என்று நினைக்கிறேன். அதனால் இரண்டையும் வைத்திருக்கிறேன். வெளிச்சமும் நிழலும் கடுமையாக மோதும் படங்களை மட்டும் ஒவ்வொன்றாக 2012-க்கு மாற்றி வருகிறேன். மொத்தமாக மாற்றும் வசதியைத் தொடப்போவதில்லை. 6.14 நிறுவல் கோப்பை இரண்டு தனித்தனி வட்டுகளில் நேற்று நகலெடுத்து வைத்தேன்.