திரையில் சேலை: சில நாட்களின் குறிப்புகள்

ஜூன் 4

'பிரம்மச்சாரி' (1968) இந்திப் படத்தில் ஷம்மி கபூருடன் ஆடும்போது மும்தாஜ் உடுத்தியிருக்கும் ஆரஞ்சுச் சேலையை இன்று நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். இடுப்பைச் சுற்றி அடுக்கடுக்காகத் துணி இறுகி நிற்கிறது. எப்படிச் சுழன்றாலும் ஒரு மடிப்புகூடக் கலையவில்லை. கொசுவம் வைத்துச் சொருகிய சேலை இந்த ஆட்டத்துக்குத் தாங்காது. ஆடை வடிவமைப்பாளர் பானு அத்தையா அதை முன்னதாகவே தைத்து, ஜிப் வைத்துக் கொடுத்தார். 'காந்தி' படத்துக்காக 1983-ல் ஆஸ்கர் வாங்கியவர் என்றுதான் அவரை எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கு இந்த ஜிப் அதைவிடப் பெரிது.

ஜூன் 6

வேலை அதிகம். இரவு பழைய கருப்பு வெள்ளைப் படம், பாதிதான். நிறம் இல்லாததால் கண் நேரே சேலைக் கரைக்குப் போகிறது.

ஜூன் 9

யஷ் சோப்ராவின் 'சாந்தினி' (1989). ஸ்ரீதேவியின் ஷிஃபான் சேலை சிறு காற்றுக்கும் எழுந்து பறக்கிறது. காஞ்சிப் பட்டு அப்படி அசைந்துகொடுக்காது. கனம் அதிகம், சரிகை வேறு. பட்டில் நடந்து வருபவளிடம் நாம் முதலில் பார்ப்பது கரையையும் முந்தானையையும்தான். கல்யாணக் காட்சிக்குப் பட்டு, மழைப் பாட்டுக்கு ஷிஃபான் என்று வைத்தவர்களுக்குத் துணியின் குணம் நன்றாகத் தெரியும். 'மிஸ்டர் இந்தியா'வில் (1987) அதே ஸ்ரீதேவி கிறக்கமான காதல் பாட்டில் உடுத்திய நீலச் சேலையை நினைத்துக்கொண்டேன். சேலை என்றாலே அடக்கம் என்று மேடையில் முழங்குபவர்கள் எந்தச் சேலையைச் சொல்கிறார்கள்?

ஜூன் 13

இன்று கோபத்தோடு எழுதுகிறேன். பட்டணத்து நாயகி பேன்ட் சட்டையில் வந்து எதிர்த்துப் பேசுவாள். இடைவேளைக்குப் பிறகு தாலி, பொட்டு, தலை நிறையப் பூ, சேலை. கூடவே அவள் வசனமும் பாதியாகக் குறைந்துவிடும். தமிழில் இப்படி எத்தனை படங்கள்! வயலிலும் ஆலையிலும் சேலையை வரிந்து கட்டிக்கொண்டு வேலை பார்க்கும் பெண்களைப் பார்த்து வளர்ந்த ஊரில், அதே உடையைப் பணிவின் சீருடையாக மாற்றியது பெரிய அநியாயம்.

ஜூன் 16

தாதாசாகேப் பால்கேயின் 'ராஜா ஹரிச்சந்திரா' (1913) பற்றிப் படித்தேன். நடிக்கப் பெண்கள் முன்வராததால் அரிச்சந்திரனின் மனைவி தாராமதியாகச் (நம் சந்திரமதி) சேலை கட்டி நடித்தவர் அண்ணா சாளுங்கே என்ற ஆண். 1917-ல் 'லங்கா தகனம்' படத்தில் ராமனும் அவரே, சீதையும் அவரே. கற்பின் இலக்கணமாகச் சொல்லப்படும் இரண்டு பெண்களுக்கும் திரையில் அவர்தான் சேலை கட்டினார். அந்தப் படங்களில் மிஞ்சியிருக்கும் பகுதிகளைத் தேடிப் பார்க்க வேண்டும். முந்தானையை அவர் எந்தப் பக்கம் விட்டிருந்தார், நடக்கும்போது கை எங்கே இருந்தது என்பதையெல்லாம் கவனிக்க வேண்டும்.