பின்னால் திரும்பிப் பார்க்காதீர்கள்

அமெரிக்காவில் கறுப்பின மக்களின் உரிமைக்காக வழக்காடிய வழக்கறிஞர் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லியைப் பற்றி நினைத்தால் எனக்கு முதலில் வருவது அந்தக் கார்ப் பயணம்தான். ஜேம்ஸ் மெரிடித் என்ற கறுப்பின மாணவரை, வெள்ளையர்களை மட்டுமே சேர்த்துக்கொண்டிருந்த மிசிசிப்பி பல்கலைக்கழகத்தில் சேர்க்க வேண்டும் என்று வழக்கு நடத்திக்கொண்டிருந்த காலம், காரை ஓட்டுகிறவர் கறுப்பின உரிமைப் போராளி மெட்கர் எவர்ஸ், மோட்லி பக்கத்தில் உட்கார்ந்து குறிப்பு எழுதிக்கொண்டிருக்கிறார். எவர்ஸ் மெதுவாகச் சொல்கிறார்: நோட்டைச் செய்தித்தாளுக்குள் மறைத்து வையுங்கள், திரும்பிப் பார்க்காதீர்கள், போலீஸ் பின்தொடர்கிறது. எவர்ஸை 1963-ல் அவர் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொன்றார்கள்.

அப்படிப்பட்ட ஊருக்கு மோட்லி மறுபடி மறுபடி போனார், 1962-ல் அந்த வழக்கில் ஜெயித்தும் காட்டினார். பள்ளிகளில் நிறப்பிரிவினையை ஒழித்த பிரவுன் வழக்கின் முதல் மனுவை எழுதியதும் இவர்தான், ஆனால் எல்லோருக்கும் தெரிந்தது அந்த வழக்கில் வாதாடிய தர்குட் மார்ஷல் பெயர் மட்டும். எனக்கு அது ஆறவே இல்லை. அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் வாதாடிய முதல் கறுப்பினப் பெண் இவர். அங்கே பத்து வழக்குகள், ஒன்பதில் வெற்றி. அப்புறம் 1966-ல் கூட்டாட்சி நீதிபதி, அதிலும் முதல் கறுப்பினப் பெண்.