லாரி டேவிட் இல்லாத இரண்டு சீசன்கள்

அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் 1989 முதல் 1998 வரை ஒளிபரப்பான 'சைன்ஃபெல்ட்' நகைச்சுவைத் தொடரை, இம்முறை ஒன்றையும் தாண்டாமல் வரிசையாகப் பார்த்து முடித்தேன். அதில் தன் பெயரிலேயே நாயகனாக நடித்த ஜெர்ரி சைன்ஃபெல்டுடன் சேர்ந்து அதை உருவாக்கிய லாரி டேவிட், ஏழாவது சீசன் முடிந்ததும் 1996இல் விலகிக்கொண்டார். அந்தச் சீசனின் கடைசியில், ஜெர்ரியின் நண்பன் ஜார்ஜுக்கு நிச்சயிக்கப்பட்ட சூசன், ஜார்ஜ் மலிவாகத் தேர்ந்தெடுத்த அழைப்பிதழ் உறைகளின் பசையை நக்கியே இறந்துபோகிறாள். செய்தி கேட்ட நண்பர்கள் காபி குடிக்கக் கிளம்பிவிடுகிறார்கள்.

அதன்பின் முழுப் பொறுப்பும் ஜெர்ரியிடம் வந்தது. எபிசோடுகளின் தொடக்கத்தில் அவர் மேடையில் நின்று பேசும் துணுக்குகள் எட்டாவது சீசனில் நின்றுபோயின. அது பெரிய இழப்பில்லை. எனக்கு உறைத்தது வேகம்தான்.

1991இல் வந்த சீன உணவக எபிசோடில், மூவர் மேசைக்காகக் காத்திருப்பதைத் தவிர வேறொன்றும் நடப்பதில்லை. பசி தாங்காத தோழி எலேனிடம், அந்நியர் ஒருவரின் தட்டிலிருந்து எக் ரோலை எடுத்துத் தின்றால் ஐம்பது டாலர் தருவதாக ஜெர்ரி ஆசைகாட்டுகிறான். சலித்துப்போய் அவர்கள் வெளியேறிய மறுகணமே அவர்களுடைய பெயர் அழைக்கப்படுகிறது. 1997இல் வந்த ஒரு எபிசோடிலோ, குப்பைத்தொட்டியில் கிடைத்த பழைய தொலைக்காட்சி அரங்கை ஜெர்ரியின் பக்கத்து வீட்டுக்காரன் கிரேமர் தன் வீட்டுக்குள் நிறுவிப் பேட்டி எடுக்கிறான். ஜார்ஜ் காரேற்றிய அணிலுக்கு அறுவை சிகிச்சை நடக்கிறது. காதலியின் பழைய பொம்மைகளோடு விளையாடுவதற்காக ஜெர்ரி அவளைத் தூங்கவைக்கிறான். விழுந்து விழுந்து சிரித்தேன். ஆனால் எக் ரோலைப் பார்த்துத் தவித்த எலேனிடம் என்னைக் கண்டதுபோல் இவர்களில் ஒருவரிடமும் காணவில்லை.

இருந்தும், எலேனின் அந்த விபரீத நடனமும் ஃபெஸ்டிவஸ் பண்டிகையும் இந்த இரண்டு சீசன்களின் கொடைகள்தாம். ஃபெஸ்டிவஸ், எழுத்தாளர் டான் ஓகீஃபின் தந்தை தம் வீட்டில் உண்மையாகவே கொண்டாடிய பண்டிகை. எவ்வளவு கோமாளித்தனம் ஏற்றியும் அது நிற்பதற்கு அதுவே காரணம் என்று நினைக்கிறேன்.

இறுதி எபிசோடை எழுத லாரி டேவிட் 1998இல் திரும்பி வந்தார். பலருக்குப் பிடிக்காத முடிவு அது. சிறைக்குள் அமர்ந்தபடி ஜார்ஜின் சட்டைப் பொத்தான் சரியான இடத்தில் இல்லை என்று ஜெர்ரி குறைசொல்கிறான். இதை முன்பே பேசியிருக்கிறோமே என்கிறான் ஜார்ஜ். முதல் எபிசோடை மறுபடி ஓடவிட்டுப் பார்த்தேன். பேசித்தான் இருக்கிறார்கள்.