மான்யுமென்ட் வேலியில் பென் ஜான்சனைத் தேடி

செலவுக் கணக்கை முதலில் சொல்லிவிடுகிறேன், எரிச்சல் இன்னும் ஆறவில்லை. அமெரிக்க தேசியப் பூங்காக்களுக்கான ஆண்டு பாஸ், அரிசோனா-யூட்டா மாநில எல்லையில் இருக்கும் மான்யுமென்ட் வேலியில் செல்லாது. அது நவஹோ என்ற பூர்வகுடி மக்களின் சொந்தப் பூங்கா. தலைக்கு 8 டாலர் தனியாகக் கட்ட வேண்டும். அவர்கள் நிலம், அவர்கள் கட்டணம், அதில் எனக்கு வருத்தமே இல்லை. வருத்தமெல்லாம் ஜீப்பில்தான். உள்ளே சுற்றிவர 17 மைல் மண் பாதை. வாடகைக் காரை மண் பாதையில் ஓட்டக் கூடாது என்று ஒப்பந்தத்தில் போட்டிருந்ததால் ஜீப் பிடித்தோம். ஏறும்போது பேசியது ஒரு தொகை, இறங்கும்போது ஆளுக்கு இருபது டாலர் கூடுதல். சண்டை போட்டுப் பாதியாகக் குறைத்தேன். ஏறும் முன்பே தொகையை எழுதி வாங்கிவிடுங்கள்.

ஜான் ஃபோர்டு பாயின்ட் என்ற பாறை முனையில் ஜீப் நின்றது. இயக்குநர் ஜான் ஃபோர்டு தன் கௌபாய் படங்களை எடுத்த இடம். அங்கே எல்லோர் வாயிலும் அந்தப் படங்களின் நாயகன் ஜான் வெய்ன் பெயர்தான். நான் போனது துணை நடிகர் பென் ஜான்சனுக்காக. வெஸ்டர்ன் என்கிற இந்தக் கௌபாய் படங்களில் குதிரைமேல் உண்மையாகவே அழகாக உட்கார்ந்தவர் அவர் ஒருவர்தான் என்பது என் கட்சி. வெய்ன் நட்சத்திரம், சரி. ஆனால் ‘ஷி வோர் எ யெல்லோ ரிப்பன்’ (1949) படத்தில் இந்தச் செம்மண்ணில் குதிரையைப் பறக்கவிடும் சார்ஜன்ட் டைரீயாக அவரைப் பார்த்த பிறகு, என் கண் வேறு யார்மேலும் நிற்கவில்லை.

அவர் நடிக்க வந்தவரே இல்லை. ஓக்லஹோமாவில் ஓசேஜ் பகுதிப் பண்ணையில் மாடு மேய்த்தவர். படத் தயாரிப்பாளர் ஹாவர்ட் ஹியூஸ் தன் படத்துக்காக அங்கே குதிரைகள் வாங்கினார். அவற்றைக் கூட்டிப்போய்ச் சேர்க்க இவரையே வேலைக்கு வைத்தார். அப்படியே ஹாலிவுட்டில் தங்கி, குதிரை பார்ப்பவராகவும் நடிகர்களுக்கு டூப்பாகவும் காலம் தள்ளினார். ‘ஃபோர்ட் அப்பாச்சி’ (1948) படப்பிடிப்பில் மூன்று பேர் இருந்த வண்டியைக் குதிரைகள் மிரண்டு இழுத்துக்கொண்டு ஓட, இவர் பாய்ந்து போய் நிறுத்தினார். இயக்குநர் ஃபோர்டு கைம்மாறு செய்வதாகச் சொன்னார். இன்னொரு டூப் வேலை கிடைக்கும் என்று நினைத்தவர் கையில் வந்தது ஏழு வருட ஒப்பந்தம். வாரம் 5,000 டாலர் என்ற வரி வரைக்கும் படித்தாராம், அதற்கு மேல் படிக்காமல் கையெழுத்துப் போட்டாராம்!

அதே ஃபோர்டோடு ‘ரியோ கிராண்டே’ (1950) சமயத்தில் முட்டிக்கொண்டது. சாப்பாட்டு மேசையில் எல்லோர் முன்னாலும் ஃபோர்டு திட்ட, இவர் பதிலடி கொடுத்துவிட்டு எழுந்து போய்விட்டார். அதன் பிறகு பல வருடம் ஃபோர்டு படத்தில் இடமில்லை. 1964இல் ‘செயன் ஆட்டம்’தான் மறுபடி. வாய்ப்புக்காக யார் காலிலும் விழாத மனிதர். 1953இல் நடிப்பை ஓரமாக வைத்துவிட்டு ரோடியோ என்ற கௌபாய் விளையாட்டுப் போட்டிகளுக்குப் போய், ஜோடியாகக் கயிறு வீசிக் காளை பிடிக்கும் போட்டியில் உலகச் சாம்பியன் ஆனார். வருடக் கடைசியில் கையில் மூன்று டாலர்கூட மிஞ்சவில்லை என்று பின்னாளில் சொன்னார். திரும்பவும் துணை வேடங்களுக்கே வந்தார்.

பசி வந்ததும் நவஹோ டாக்கோ. எண்ணெயில் பொரித்த பெரிய ரொட்டி, நம்ம சோளா பூரியின் மொறுமொறுப்பு, மேலே பீன்ஸ், கொத்துக்கறி, சீஸ். ஒரு தட்டில் இரண்டு பேர் வயிறு நிறைந்தது. மொத்தப் பயணத்தில் கொடுத்த காசுக்கு நிறைவாகக் கிடைத்தது அதுதான். 1864இல் அமெரிக்க ராணுவம் நவஹோ மக்களைச் சொந்த மண்ணிலிருந்து நடத்தியே விரட்டியபோது, கொடுத்த மாவையும் கொழுப்பையும் வைத்துப் பிழைக்கப் பிறந்த ரொட்டி என்று சொல்கிறார்கள். ஃபோர்டு படங்களில் செயன், கொமாஞ்சி என்று வேறு இனத்தாராக வந்து சுடப்பட்டு விழுந்ததும் இந்த ஊர் நவஹோக்கள்தான். அவர்கள் பெயர்களைப் பெரும்பாலும் டைட்டிலில் போடவில்லை. எனக்கு அது கோபம்தான்.

கோல்டிங் விடுதியின் அருங்காட்சியகத்தைத் தவறவிடாதீர்கள். பின்னால் இருக்கும் சின்னக் கல் அறைதான் ‘யெல்லோ ரிப்பன்’ படத்தில் வெய்னின் குடில். கோல்டிங் குடும்பம் உருளைக்கிழங்கு போட்டு வைத்த இடம். அங்கேயும் சுவர் நிறைய வெய்ன். பென் ஜான்சனுக்கு ஒரு தனிச் சுவராவது ஒதுக்கியிருக்கலாம். 1971இல் ‘தி லாஸ்ட் பிக்சர் ஷோ’வில் பத்து நிமிடத்துக்கும் குறைவாக வந்து துணை நடிகருக்கான ஆஸ்கார் வாங்கியவர் ஆயிற்றே. கெட்ட வார்த்தை அதிகம் என்று அந்த வேடத்தையே மறுத்தவர். சம்மதிக்கச் சொல்லி போன் போட்டது அதே ஃபோர்டு!

தங்குவதற்கு உள்ளே அறை எடுத்தால் பர்ஸ் காலி. 25 மைல் தள்ளி கயென்டா என்ற ஊரில் பாருங்கள். அப்புறம் ஒன்று: கோடையில் அமெரிக்காவில் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைப்பார்கள். அரிசோனா அப்படி மாற்றாது, நவஹோ நிலம் மாற்றும். அரிசோனாவின் ஃபிளாக்ஸ்டாஃப் நகரத்திலிருந்து போனால் ஒரு மணி நேரம் பறிபோகும், அதற்கேற்ப முன்னதாகக் கிளம்புங்கள்.