தென் துருவத்தின் தொடுவானம் நம் தலைக்கு மேல்

8 பிப்ரவரி 2025, சனி

நியூட்ரினோ என்பது எதிலும் மிக அரிதாகவே மோதும் நுண்துகள்; அது பனியில் எழுப்பும் ஒளியை வைத்து அதைக் கண்டறியும் தென் துருவத் தொலைநோக்கிதான் ஐஸ்கியூப். ஐஸ்கியூப் என்றாலே எல்லாரும் அதன் அளவிலிருந்து தொடங்குகிறார்கள். ஒரு கன கிலோமீட்டர் பனி, 86 வடங்கள், அவற்றில் கோத்த 5,160 ஒளி உணரிகள். எனக்கு அதற்கு முன்னோடிக் கருவியான அமாண்டாவில்தான் மனம் நிற்கிறது. 1993-94 தென்கோடையில் அதன் முதல் வடங்களை 800 முதல் 1,000 மீட்டர் ஆழத்தில் இறக்கினார்கள். அங்கே பனி முழுக்கக் காற்றுக் குமிழிகள். ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் விழுந்த பனியோடு சேர்ந்து புதைந்த காற்று. ஒளி ஒரு மீட்டர்கூட நேராகப் போகாமல் சிதறியது. ஒளி எந்தத் திசையில் வந்தது என்று தெரியாவிட்டால் அது தொலைநோக்கியே ஆகாது.

இருந்தும் அதே அளவீட்டில் ஒரு நல்ல சேதி ஒளிந்திருந்தது. அந்தப் பனி ஒளியைச் சிதறடித்ததே தவிர, விழுங்கவில்லை. ஆய்வுக்கூடத்தில் உறைய வைத்த எந்தப் பனியையும்விட அது தூய்மையாக இருந்தது. ஆகவே இன்னும் ஆழத்துக்குப் போனார்கள். சுமார் 1,400 மீட்டருக்குக் கீழே, மேலிருக்கும் பனியின் எடை குமிழிகளை நசுக்கி, காற்று மூலக்கூறுகளைப் பனிப் படிகத்துக்குள்ளேயே செலுத்திவிடுகிறது. குமிழி காணாமல் போகிறது, பனி தெளிந்துவிடுகிறது. ஐஸ்கியூபின் உணரிகள் 1,450 முதல் 2,450 மீட்டர் வரை இருப்பதற்கு இதுவே காரணம். அங்கும் 2,000 மீட்டரை ஒட்டி ஒரு தூசிப் படலம் உண்டு, பனியுகத்தில் காற்று கொண்டுவந்து போட்டது. அந்தப் படலத்தையும் அளந்து கணக்கில் சேர்த்திருக்கிறார்கள். இந்தக் கருவியில் பாதியைப் பூமியே செய்து வைத்திருந்தது. அதன் குணத்தைப் படிப்பதுதான் மனிதர்களுக்கு மிஞ்சிய பாதி என்று எனக்குத் தோன்றும்.

9 பிப்ரவரி, ஞாயிறு

இங்கே சிங்கப்பூரில் காலையில் டியூஷன். உயர்நிலை நான்காம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒளிவிலகல். பாடம் முடிந்ததும் அண்ணன் மகள் கயல் மட்டும் உட்கார்ந்துகொண்டாள். நீரில் ஒளியின் வேகம் குறைகிறதே, அப்படியானால் வேறு எதுவாவது அதை முந்த முடியுமா என்று கேட்டாள். செரன்கோவ் ஒளிக்கு இதைவிட நல்ல வாசல் கிடைக்காது.

பனிக்குள் ஒளியின் வேகம் வெற்றிடத்தில் இருப்பதில் ஏறத்தாழ முக்கால் பங்கு. நியூட்ரினோ ஒன்று எப்போதாவது ஓர் அணுக்கருவில் மோதினால், எலெக்ட்ரானைப் போன்ற ஆனால் அதைவிடக் கனமான மியூவான் என்ற துகள் பிறக்கலாம். அந்த மியூவான் பனிக்குள் ஒளியை முந்திக்கொண்டு ஓடும்போது நீல ஒளி கூம்பாக விரிகிறது. அதுதான் செரன்கோவ் ஒளி. அந்த நீலத்தை எந்த உணரி எந்த நொடியில், நானோநொடித் துல்லியத்தில், கண்டது என்று குறித்துவைத்தால் மியூவான் போன கோட்டை வரையலாம். நியூட்ரினோ வந்த திசையும் கிட்டத்தட்ட அதே கோடுதான்.

வடம் இறக்க வெந்நீரால் துளை போட்டார்கள். இரண்டரை கிலோமீட்டர் ஆழம், அறுபது சென்டிமீட்டர் அகலம், ஒரு துளைக்கு இரண்டு நாள் அளவில். உணரிகள் உள்ளே போனதும் நீர் மறுபடி உறைந்துவிடும். அதன் பிறகு ஒரு திருகாணிகூட மாற்ற முடியாது. 2010 டிசம்பரில் கடைசி வடம் இறங்கியது. இன்றும் ஏறத்தாழ எல்லா உணரிகளும் வேலை செய்கின்றன. செய்தவர்களின் கைகளை நினைத்தால் கும்பிடத் தோன்றுகிறது.

10 பிப்ரவரி, திங்கள்

இன்று எழுத நேரமில்லை. ஒரு கணக்கு மட்டும். ஐஸ்கியூபுக்குள் நொடிக்கு மூவாயிரத்துக்கு நெருங்கிய மியூவான்கள் மேலிருந்து பொழிகின்றன. அண்டக்கதிர்கள் நம் காற்றில் மோதிப் பிறந்தவை. சில நிமிடங்களுக்கு ஒரு நியூட்ரினோ சிக்குகிறது, அதுவும் பெரும்பாலும் நம் வளிமண்டலத்திலேயே பிறந்தது. விண்ணின் தொலைவிலிருந்து வந்தது என்று உறுதியாகச் சொல்லக்கூடியவை ஆண்டுக்குச் சில பத்து மட்டுமே.

11 பிப்ரவரி, செவ்வாய், தைப்பூசம்

அண்ணிக்குப் பால்குடம். அதிகாலையில் சிராங்கூன் சாலைப் பெருமாள் கோயிலில் தொடங்கி டேங்க் ரோடு தண்டாயுதபாணி கோயில் வரை கூடவே நடந்தோம்.

இரவு ஈசூனில் எங்கள் புளோக்குக்குப் பக்கத்துக் கார் நிறுத்துமிடத்தின் மேல்தளத்துக்கு ஏறினோம். நிலவு ஏறத்தாழ முழுதாக இருந்தும் ஓரியன் நன்றாகத் தெரிந்தது. ஒன்பது மணிக்குச் சற்றுப் பிறகு அது நம் தலைக்கு நேர் மேலே வந்துவிடுகிறது. திருவாதிரையை ஒரு தோளாக வைத்துக்கொண்டால், மறு தோளான பெல்லாட்ரிக்ஸுக்கு மேற்கே சில பாகை தள்ளி வெறுங்கண்ணுக்குத் தெரியாத ஒரு புள்ளி இருக்கிறது. அதன் பெயர் டிஎக்ஸ்எஸ் 0506+056. தொலைதூர விண்மீன் மண்டலம் ஒன்றின் நடுவில் இருக்கும் பெருங்கருந்துளை, தன் தாரையை நேராக நம் பக்கம் திருப்பி வைத்திருக்கிறது. பிளேசார் என்பது இதைத்தான்.

2017 செப்டம்பர் 22 அன்று சுமார் 290 டெரா எலெக்ட்ரான் வோல்ட் ஆற்றலுள்ள ஒரு நியூட்ரினோவின் தடம் ஐஸ்கியூபில் பதிந்தது. 43 நொடியில் உலகத் தொலைநோக்கிகளுக்கு எச்சரிக்கை போய்விட்டது. ஃபெர்மி செயற்கைக்கோள் பார்த்தபோது அதே திசையில் இந்தப் பிளேசார் காமாக் கதிரில் கொழுந்துவிட்டு எரிந்துகொண்டிருந்தது. பிறகு பழைய பதிவுகளைப் புரட்டினால் 2014-15 காலத்திலும் அங்கிருந்து நியூட்ரினோக்கள் அதிகமாக வந்திருந்தன.

கயல் நெடுநேரம் அண்ணாந்து பார்த்துவிட்டுச் சொன்னாள்: “அத்தை, நம்ம ஊரு நடுக்கோட்டுக்கிட்ட இருக்கு. அப்போ நமக்கு உச்சியில வர்றதெல்லாம் தென் துருவத்துல நிக்கிறவங்களுக்கு அடிவானத்துல இருக்கும்ல?”

ஆமாம் என்றேன். அதற்கு மேல் பேச எனக்கு வரவில்லை. இத்தனை ஆண்டு இந்த வானத்தைப் பார்த்தும் இதை நான் இப்படிச் சேர்த்துப் பார்த்ததில்லை.

12 பிப்ரவரி, புதன்

காலையிலிருந்து அவள் சொன்னதே ஓடுகிறது. சிங்கப்பூர் வட அகலாங்கு 1.35 பாகையில் இருக்கிறது. நம் உச்சி வழியே கிழக்கு மேற்காக நகரும் வானப் பட்டை, துருவத்தில் தொடுவானத்தை ஒட்டியே சுற்றுகிறது. அங்கே அது எழுவதும் இல்லை, மறைவதும் இல்லை. ஐஸ்கியூப் மிகக் கூர்மையாகப் பார்ப்பதும் அந்தப் பட்டையைத்தான். மேலே பார்த்தால் மியூவான் மழை மறைக்கிறது. நேர் கீழே பார்த்தால், ஆற்றல் மிகுந்த நியூட்ரினோக்களைப் பூமியின் நடுப்பகுதியே விழுங்கிவிடுகிறது. பக்கவாட்டில் வருபவைக்கு மியூவான்களைத் தடுக்கும் அளவுக்குப் பாறையும் பனியும் குறுக்கே இருக்கின்றன, நியூட்ரினோவைத் தடுக்கும் அளவுக்கு இல்லை.

2022-இல் அறிவித்த மெஸ்ஸியே 77 விண்மீன் மண்டலத்தைப் பாருங்கள். 4.7 கோடி ஒளியாண்டுத் தொலைவு. ஏறத்தாழ பத்தாண்டுப் பதிவில் 79 நியூட்ரினோக்கள் அந்தத் திசையில் கூடுதலாக இருந்தன. அது வான நடுக்கோட்டின் மேலேயே இருக்கிறது. நம் உச்சியைக் கடக்கும்போது விலகல் ஒன்றரைப் பாகைகூட இல்லை.

13 பிப்ரவரி, வியாழன்

நேற்று நள்ளிரவில் செய்தி வந்தது. நடுநிலக் கடலுக்கடியில், சிசிலிக்கு அப்பால் 3,450 மீட்டர் ஆழத்தில் உள்ள கேஎம்3நெட் உணரிகளில் சுமார் 220 பீட்டா எலெக்ட்ரான் வோல்ட் (ஒரு பீட்டா என்பது ஆயிரம் டெரா) நியூட்ரினோ ஒன்று தடம் விட்டிருக்கிறது. ஜெனீவா பெருமோதுகருவியில் ஒரு புரோட்டானுக்குக் கொடுக்கும் ஆற்றலைப்போல் ஏறத்தாழ முப்பதாயிரம் மடங்கு. அது பதிவான நாள் 2023 பிப்ரவரி 13. சரியாக இரண்டு ஆண்டு முன்பு.

அதுவும் கிடைமட்டமாகத்தான் வந்திருக்கிறது. வந்த திசை ஓரியனின் காலுக்குக் கிழக்கே. நம் உச்சியிலிருந்து தெற்கே ஒன்பது பாகை அளவில்! மூலம் எது என்று இன்னும் யாருக்கும் தெரியவில்லை. ஐஸ்கியூப் பத்தாண்டுக்கு மேல் விழித்திருந்தும் இவ்வளவு ஆற்றலுள்ள ஒன்றைக் கண்டதில்லை என்பது சின்னப் புதிர் அல்ல. ஒரே ஒரு நிகழ்வை வைத்துக்கொண்டு பெரிதாக எதையும் கட்ட வேண்டாம் என்பது என் கட்சி.

15 பிப்ரவரி, சனி

டியூஷன் பிள்ளைகளிடம் கோலார் தங்கவயலைப் பற்றிச் சொன்னேன். ஒருவருக்கும் தெரியவில்லை. தமிழ்ப் பிள்ளைகளுக்கு இது தெரியாமல் இருக்கக் கூடாது.

வட ஆற்காட்டிலிருந்து ஒரு கூட்டம் மலாயாத் தோட்டங்களுக்குக் கப்பலேறியது. அதே ஊர்களிலிருந்து இன்னொரு கூட்டம் கோலார்ச் சுரங்கத்துக்குப் போனது. அவர்கள் உழைத்த சாம்பியன் ரீஃப் சுரங்கத்தில், 2.3 கிலோமீட்டர் ஆழத்தில், மும்பை டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனமும் ஒசாகா நகர, டர்ஹம் பல்கலைக்கழகங்களும் கருவி வைத்தன. 1965-இல் வளிமண்டல நியூட்ரினோவின் தடத்தை அங்கே கண்டார்கள். தென்னாப்பிரிக்கத் தங்கச் சுரங்கத்தில் நியூட்ரினோவை முதலில் கண்டறிந்தவர்களில் ஒருவரான ஃபிரடெரிக் ரைன்ஸின் குழுவும் அதே ஆண்டு கண்டது. இரு கட்டுரைகளும் ஆகஸ்டில் வந்தன, கோலாருடையது முதலில்.

அந்தக் கருவியின் அமைப்பைப் பிள்ளைகளுக்கு வரைந்து காட்டினேன். ஒளிரும் பிளாஸ்டிக் பலகைகளைச் சுவர்போல் நிமிர்த்தி வைத்திருந்தார்கள். மேலிருந்து வருவதை விட்டுவிட்டுப் பக்கவாட்டில் வருவதைப் பிடிக்க. துருவத்துப் பனியில் இன்று பலன் தருவதும் அதே பார்வைதான்.

16 பிப்ரவரி, ஞாயிறு

கயல் கணித வினாத்தாளின் பின்பக்கத்தில் ஒரு படத்தோடு வந்தாள். சிங்கப்பூர் வழியே பூமிக்குள் நுழைந்து ஐஸ்கியூபைத் தொடும் நியூட்ரினோ வானின் எந்த இடத்திலிருந்து வர வேண்டும்? விடை: வடக்கே 45.7 பாகை நடுவரை விலக்கம், அதாவது வான நடுக்கோட்டிலிருந்து அவ்வளவு தள்ளி. பூமிக்குள் ஏறத்தாழ 9,000 கிலோமீட்டர். ஆழமான இடம் சுமார் 1,900 கிலோமீட்டர், அதாவது மையக்கருவைத் தொடாமல் மூடகத்துக்குள்ளேயே. விண்மீன் பட்டியலைப் பார்த்தோம். பிரம்ம இருதயம் (கேப்பெல்லா) 46 பாகையில் இருக்கிறது! இன்று இரவு எட்டரை மணிக்குப் பிறகு அது வடக்கில் பாதி உயரத்தில் நிற்கும்போது, அந்தத் திசையிலிருந்து நம் தீவு வழியாக நுழைவது ஏறத்தாழ ஐஸ்கியூபை நோக்கியே போகும். அவள் துள்ளிய துள்ளலுக்கு நான் காப்பி போடப் போனேன்.

துருவ நிலையத்தில் இது கடைசி விமானங்கள் கிளம்பும் வாரம். குளிர்காலம் முழுக்க ஐஸ்கியூபைக் கவனிக்க இரண்டே பேர் தங்குவார்கள். அடுத்த தென்கோடையில் (2025-26) ஏழு புதிய வடங்களை நெருக்கமாக இறக்கத் திட்டம். அவற்றோடு பனியை அளக்கும் விளக்குகளும் கேமராக்களும் போகின்றன. பனியின் குணம் இன்னும் நன்றாகத் தெரிந்தால் பழைய பதிவுகளையெல்லாம் கூடுதல் கூர்மையோடு மறுபடி கணக்கிடலாம். மெஸ்ஸியே 77-இன் அந்த 79 என்ன ஆகும் என்பதுதான் எனக்குத் தெரிய வேண்டும்.